மலை வீட்டுல பூஞ்சைக்கு ஏர் ப்யூரிஃபையர் வாங்குறவங்க பண்ற தப்புகள்

ஐப்பசி பொறந்தாலே குன்னூர், கோத்தகிரி பக்கம் இருந்து போன் வர ஆரம்பிச்சிரும், கூடலூர் பந்தலூர் ஆளுங்கன்னா ஆனி ஆடியிலேயே. பீரோவுக்குப் பின்னாடி பூசணம், ராத்திரியானா பையனுக்கு இழுப்பு, எந்த ப்யூரிஃபையர் வாங்கட்டும்னு கேக்குறாங்க. மெஷின் மாட்டுறது, சர்வீஸ் பண்றது, வீட்டுல எங்க ஓதம் காக்குதுன்னு தேடிப் பாக்குறது, இதுதான் என் தொழில். ஆரம்பத்துல நானும் பண்ணின தப்புகளையே இப்ப புதுசா வாங்குறவங்க அப்படியே பண்றத பாக்குறப்ப மனசு கேக்க மாட்டேங்குது. ஓட்டுல ஒழுகுறத மொதல்ல அடைங்க, சுவத்துல பிடிச்ச பூஞ்சைய எந்த ப்யூரிஃபையரும் எடுக்காது, காத்துல மிதக்குறதத்தான் பிடிக்கும். இது எல்லாருக்கும் தெரிஞ்சதுதான், அதுக்குள்ள போகல.

பச்சை லைட்ட நம்பி ஆட்டோ மோடுல விடுறது

எனக்கு இன்னிக்கும் ஆத்தாமையா இருக்குறது இதுதான். காசும் போகுது, பிள்ளைக்கு இழுப்பும் நிக்கல.

போன மழைக்கு கோத்தகிரி தாண்டி ஒரு பழைய வீடு. கல்லு சுவரு, மேல ஓடு, உள்ள பழைய சுண்ணாம்புப் பூச்சு மேல ப்ளாஸ்டிக் எமல்ஷன் அடிச்சு சுவர மூச்சு விடாம பண்ணி வச்சிருக்காங்க. அந்த அக்கா ஆப், டிஸ்ப்ளே, கலர் லைட்னு எல்லாம் இருக்குற மாடலா பார்த்து நல்ல விலை குடுத்து வாங்கி கட்டில் பக்கத்துல வச்சிருந்தாங்க. "தம்பி, எப்பவும் பச்சையாத்தான் எரியுது, நம்பரு 10-ஐ தாண்டுறதே இல்ல, அப்புறம் ஏன் பாப்பாவுக்கு தும்மல் நிக்கல?"ன்னு கேட்டாங்க. கட்டில சுவத்துல இருந்து இழுத்துப் பார்த்தோம். தலைமாட்டுக்குப் பின்னாடி சுவர் முழுக்க சாம்பலும் பச்சையுமா மாவு தூவி விட்ட மாதிரி பூத்துக் கிடக்கு, மெத்தை ஓரம் உரசுற இடத்துல மட்டும் தூள் எல்லாம் உதிர்ந்து பெயிண்ட் தெரியுது. அப்ப உதிர்ந்ததெல்லாம் எங்க போயிருக்கும், பாப்பா மூக்குக்கு ஒரு முழம் தள்ளித்தானே. டார்ச் அடிச்சா தூள் மிதக்குறது கண்ணுக்கே தெரியுது, டிஸ்ப்ளேல ஒற்றை இலக்கம், பச்சை லைட்டு, ஃபேன் சத்தமே இல்லாம மெதுவா சுத்திக்கிட்டு இருக்கு. வாடை தாங்காம அக்கா சன்னல தொறந்தாங்க, வெளிய நின்ன மூட்டம் உள்ள வந்ததும் நம்பரு மடமடன்னு ஏறி சிவப்பு லைட்டு வந்து ஃபேன் ஃபுல் ஸ்பீடுல அலற ஆரம்பிச்சிருச்சு. வெறும் பனி மூட்டத்துக்கு!

ஏன் இப்படின்னா, ஆட்டோ மோடுல சென்சார் காட்டுறத வச்சுத்தான் ஃபேன் ஸ்பீடு தானா மாறும். அந்த சென்சார் உள்ள ஒரு சின்ன லேசர்தான் இருக்கு, தூள் மேல வெளிச்சம் பட்டு சிதறுறத வச்சு பிஎம் 2.5, அதாவது 2.5 மைக்ரானும் அதுக்கும் சின்னதுமான தூள் காத்துல எவ்வளவுன்னு கணக்கு போடும் (மைக்ரான்னா ஒரு மில்லிமீட்டர்ல ஆயிரத்துல ஒரு பங்கு). அதுக்கு நல்லா தெரியுறது புகை மாதிரி 1 மைக்ரானுக்கும் சின்ன தூளு, அது காத்துல கோடிக்கணக்குல மிதக்கும். பூஞ்சை வித்து பெரும்பாலும் 2-ல இருந்து 10 மைக்ரான் வரைக்கும், எண்ணிக்கையும் புகை முன்னாடி ரொம்ப கம்மி, அதனால சென்சார் கணக்குல அது அனேகமா வராது. மூட்டம்னா தண்ணித் துளி, அதுலயும் வெளிச்சம் சிதறும், அதையும் தூசுன்னே எண்ணிக்கும். டெல்லி மாதிரி புகை ஊருக்கு ஆட்டோ மோடு சரிதான், நம்ம மலையில புகை கம்மி, அப்ப ஆட்டோ மோடுல ஃபேன் நாள் முழுக்க அடி ஸ்பீடுலதான் கிடக்கும்.

அடி ஸ்பீடுல என்ன ஆகும்னா, 10 மைக்ரான் வித்து ஆள் உயரத்துல இருந்து பத்து நிமிஷத்துல தரைக்கு வந்துரும், மெஷினு அத இழுக்குறதுக்கு முன்னாடியே பாய்லயும் போர்வையிலயும் உக்காந்துரும், நீங்க போர்வைய உதறுறப்ப திரும்ப எழும்பும். 2 மைக்ரான் வித்து மணிக்கணக்கா மிதக்கும், ஆனா அதையும் பிடிக்க அறைக்காத்து திரும்பத் திரும்ப ஃபில்டர் வழியா போயாகணும்.

அதனால நான் சொல்றது, ஆட்டோ மோட மறந்துருங்க. நடு ஸ்பீடுல வச்சு ராத்திரி பகல் ஓட விடுங்க, தூங்கப் போறதுக்கு ஒரு மணி நேரம் முன்னாடி ஃபுல் ஸ்பீடு. வாங்குறப்பவே கடைக்காரர்கிட்ட நடு ஸ்பீடுல போட்டுக் காட்டச் சொல்லி அந்த சத்தத்துல உங்களால தூங்க முடியுமான்னு பாருங்க, ஏன்னா சத்தம் தாங்காம குறைச்சு வச்சீங்கன்னா வாங்கினதே வீண். ஆப்புக்கும் டிஸ்ப்ளேக்கும் குடுக்குற காசுல ரெண்டாவது செட் ஃபில்டர் வாங்கிரலாம்.

இன்னொண்ணு, மரம் விழுந்து லைன் போயி நம்ம ஊர்ல மழைக்காலத்துல எத்தன தடவ கரண்ட் கட் ஆகுது. டச் பட்டன் மாடல் நிறைய, கரண்ட் திரும்பி வந்ததும் தானா ஓடாது, யாராவது எந்திரிச்சு அழுத்தணும். கடையிலேயே ப்ளக்க பிடுங்கி திரும்ப சொருகிப் பாருங்க, அதே ஸ்பீடுல தானா ஓடினா எடுங்க. திருகுற பட்டன் இருக்குற சாதா மாடல்ல இந்தத் தொல்லை அனேகமா இருக்காது.

மீட்டர் இல்லாம மெஷின் வாங்குறது

ஹ்யூமிடிட்டி மீட்டர் சில நூறு ரூபாதான், மொதல்ல அத வாங்குங்க. மேசை மேல வைக்காம பீரோவுக்குப் பின்னாடி, குளிரடிக்கிற சுவத்தோரமா வைங்க. 20 டிகிரியில 70 சதவீதம் ஈரம் இருக்குற காத்து 14 டிகிரி சுவத்துல பட்டாலே வேர்த்துரும், நம்ம ஊரு வெளிச்சுவரு மழைக்காலத்துல 14-க்கு கீழ போறது சாதாரணம். அந்த மூலையில 60-க்கு கீழ நிக்கணும், 50-ன்னா இன்னும் நல்லது. குளிருக்கு கேஸ் ஹீட்டர் வைக்கிறவங்க கவனிங்க, 1 கிலோ கேஸ் எரிஞ்சா ஒன்றரை லிட்டருக்கு மேல தண்ணி ஆவியா அந்த ரூமுக்குள்ளயே வரும்.

ஹ்யூமிடிஃபையர் சேர்ந்த மாடல்

வாங்கவே வாங்காதீங்க, அது காத்துல ஈரத்த இன்னும் கூட்டுற மெஷின்.

பெட்டியில போட்ட சதுர அடிய நம்புறது

சிஏடிஆர் நம்பரப் பாருங்க, மெஷின் மணிக்கு எத்தன கன மீட்டர் காத்த சுத்தம் பண்ணுதுங்குற கணக்கு அது. 12-க்கு 12 ரூமு, 9 அடி உயரம்னா சுமார் 37 கன மீட்டர். மணிக்கு அஞ்சு தடவ காத்து சுத்தமாகணும்னா 185 வேணும், அதுவும் நீங்க நிஜமா ஓட்டப் போற ஸ்பீடுல, பெட்டியில போட்டிருக்குறது ஃபுல் ஸ்பீடு நம்பரு. பழைய பங்களா வீட்டுல 14 அடி உயரம் இருக்கும், அதே ரூமுக்கு 285 ஆயிரும். ஒரு மெஷின வச்சு வீடு முழுக்கன்னு யாராவது சொன்னா கேக்காதீங்க, பிள்ள தூங்குற ரூமுக்கு வாங்கி கதவ சாத்தி வைங்க.

ஹெப்பாவுல பெரிய கிரேடு தேடுறது

ஹெப்பாங்குறது ரொம்ப சின்ன தூளையும் பிடிக்கிற ஃபில்டர், அதுக்கு முன்னாடி பூஞ்சை வித்து பெருசு. ஹெச்13 ஃபில்டரு, பிடிக்கக் கஷ்டமான 0.3 மைக்ரான் பக்கத்து தூளையே 99.95 சதவீதம் பிடிக்கும், அதுக்கு மேல காசு குடுக்க வேண்டியதில்ல. "ஹெப்பா டைப்", "ஹெப்பா மாதிரி"ன்னு போட்டிருந்தா மட்டும் கீழ வச்சிருங்க.

ஓசோன்

காட்டேஜ் வச்சிருக்குற அண்ணன்மாரு சில பேரு வாடை போகுதுன்னு ஓசோன் வாயு விடுற மெஷின வாங்குறாங்க. பூஞ்சைய கொல்ற அளவுக்கு ஓசோன் விட்டா அந்த ரூமுல மனுஷன் இருக்க முடியாது, நுரையீரல அரிக்கும், இழுப்பு இருக்குற பிள்ளைக்கு இன்னும் மோசம். செத்த பூஞ்சையும் சுவத்துலயேதான் இருக்கும், அதுவும் அலர்ஜி குடுக்கும். அமெரிக்க சுற்றுச்சூழல் துறை இபிஏவும் வீட்டுக்குள்ள இது வேண்டாம்னுதான் சொல்லுது. அயனைசர் (காத்துல மிதக்குற தூளுக்கு மின்னேற்றம் குடுக்குற பாகம், அதுலயும் ஓசோன் வரலாம்) இருக்குற மாடல்னா அத ஆஃப் பண்ண தனி பட்டன் இருக்கான்னு பாருங்க.

வாடைக்கு ஹெப்பாவ நம்புறது

மக்கின வாடை வாயு, ஹெப்பாவுல நிக்காது, அதுக்கு கார்பன் ஃபில்டர் வேணும். கருப்பா சல்லடை மாதிரி மெல்லிசா ஒரு ஷீட்டு வச்சிருப்பாங்க, அது சீக்கிரமே தீர்ந்துரும், நம்ம ஊரு ஈரக்காத்துல இன்னும் சீக்கிரம். கையில தூக்கிப் பாருங்க, கனமா குருணையா இருக்கணும்.

டீஹ்யூமிடிஃபையர் லிட்டர் கணக்கு

மீட்டர்ல 80, 85 காட்டுதுன்னா ப்யூரிஃபையர் மட்டும் போதாது, காத்துல இருக்குற ஈரத்த தண்ணியா இழுத்து எடுக்குற டீஹ்யூமிடிஃபையரும் வேணும். இங்கயும் நிறைய பேரு ஏமாறுறாங்க. ஒரு நாளைக்கு 20 லிட்டர்னு பெட்டியில போட்டிருந்தா அது பெரும்பாலும் 30 டிகிரி வெயில்ல 80 சதவீத ஈரத்துல எடுத்த கணக்கு, ஊட்டியில எப்ப 30 டிகிரி இருந்துச்சு? 20 டிகிரிக்கு வந்தாலே பாதிகூட வராது, 15-க்கு கீழ போனா கம்ப்ரசர் வச்ச மாடல்ல காயில் மேல ஐஸ் கட்டி, அத உருக்குறதுலயே பாதி நேரம் போயிரும். ஊட்டி, கொடைக்கானல் மாதிரி மேல இருக்குறவங்க டெசிகன்ட் மாடல் (கம்ப்ரசர் இல்லாம, ஈரத்த உறிஞ்சுற பொருள் வச்சது) இருக்கான்னு கேட்டுப் பாருங்க. கரண்ட் கூட இழுக்கும், ஆனா குளிர்லயும் வேலை செய்யும், வர்ற காத்தும் வெதுவெதுன்னு இருக்கும். கூடலூர் பக்கம் கம்ப்ரசர் மாடலே போதும்.

சுவர தேய்க்கிறப்ப மெஷின ஆஃப் பண்றது

ஃபில்டர் அழுக்காயிரும்னு ஆஃப் பண்ணிடுறாங்க. காத்துல வித்து அதிகமா பறக்குறதே அப்பத்தான், அதுக்குத்தானே வாங்கினீங்க. காஞ்ச ப்ரஷ் போட்டு தேய்க்காம சோப்புத் தண்ணி நனைச்ச துணியால ஒத்தி ஒத்தி எடுங்க, என்95 மாஸ்க் போட்டுக்கோங்க, மெஷின் ஃபுல் ஸ்பீடுல ஓடட்டும், வேலை முடிஞ்சும் ரெண்டு மணி நேரம் ஓடட்டும், அதுவரைக்கும் பிள்ளைங்கள அந்த ரூமுக்குள்ள விடாதீங்க. ப்ளீச்சிங்கோட பாத்ரூம் ஆசிட் எதையும் கலந்துராதீங்க, குளோரின் வாயு வரும், ஆளையே சாய்ச்சிரும்.

சுவத்தோட ஒட்டி வைக்கிறது

ஒரு முழம் தள்ளி வைங்க.

வீட்ட பூட்டிட்டுப் போறப்ப ஃபில்டர உள்ளயே விடுறது

ஹோம்ஸ்டேக்காரங்களும், சமவெளியில இருந்து லீவுக்கு மட்டும் வந்து போறவங்களும் இத கவனிக்கணும். ஃபில்டர்ல தூசு பிடிச்சிருக்கும், மூடின வீட்டுல ஈரம் ஏறும், ரெண்டும் சேர்ந்தா பூஞ்சை ஃபில்டர் மேலயே வளரும், மூணு மாசம் கழிச்சு வந்து சுவிட்ச் போட்டதும் அந்த வாடைய ரூம் முழுக்க அடிக்கும். கிளம்புறதுக்கு முன்னாடி வெளியில இருக்குற வலைய நல்லா துடைங்க, ஹெப்பாவ மட்டும் தண்ணியில கழுவிராதீங்க. கழட்டி நல்லா காஞ்ச பிறகு சிலிக்கா ஜெல் பை ரெண்டு போட்டு பாலித்தீன் கவர்ல இறுக்கிக் கட்டி வைங்க. மோந்து பார்த்து மண் வாடை வந்தா அந்த ஃபில்டர தூக்கிப் போட்டுருங்க, வெயில்ல காய வச்சு திரும்பப் போடாதீங்க. புதுசு போடுற அன்னிக்கு ஃபில்டர் ஓரத்துல ஸ்கெட்ச் பேனாவால தேதி எழுதிருங்க.