வாரிசு வேலைக்கு விண்ணப்பிப்பது எப்படி? முதல் முறை எழுதுவோருக்கு

அரசு வேலையில் இருக்கும்போதே ஒருவர் இறந்துவிட்டால், அவருடைய குடும்பத்தில் ஒருவருக்குக் கருணை அடிப்படையில் வேலை கொடுக்கத் தமிழ்நாட்டில் விதி இருக்கிறது. இதற்கென்று 2023-இல் தனி விதித்தொகுப்பே வந்தது. ஊரில் இதை ‘வாரிசு வேலை’ என்பார்கள். அந்தப் பெயரே பலரை ஏமாற்றிவிடுகிறது. வீடு, நிலம் போல இது தானாக வந்து சேரும் சொத்து இல்லை. சம்பாதித்தவர் போய்த் திண்டாடும் குடும்பத்துக்கான உதவிதான், உரிமை அல்ல என்று 1994-இல் ஹரியானா வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அதனால் காலத்துக்குள், முறைப்படி கேட்டாக வேண்டும். இந்தக் கோப்புகளைப் பல வருஷம் கையாண்டவன் நான்.

முதல் படி: தேதியைக் குறியுங்கள்

இறந்த நாளிலிருந்து 3 வருஷத்துக்குள் விண்ணப்பித்துவிட வேண்டும். வாரிசுச் சான்றிதழ் கைக்கு வந்த நாளிலிருந்து இல்லை.

‘பையன் பெரியவன் ஆகட்டும், அப்புறம் கொடுக்கலாம்’ என்று காத்திருந்த ஓர் அம்மாவை என்னால் மறக்க முடியவில்லை. அப்பா இறந்தபோது பையனுக்கு 14 வயது. 18 முடிந்ததும் கூட்டிக்கொண்டு வந்தார். பிள்ளைக்கு வயது வரும்வரை வேலையை ஒதுக்கி வைக்க முடியாது என்று நான்தான் சொல்ல வேண்டியிருந்தது. அந்த அம்மாவே பத்தாவது பாஸ். தன் பேரில் கேட்டிருந்தால் வேலைக்குக் காத்திருப்போர் பட்டியலில் ஏறியிருப்பார். மேஜையில் பரப்பியிருந்த சான்றிதழ்களை ஒவ்வொன்றாக மஞ்சள் பையில் திரும்ப வைத்துக்கொண்டு போனார். மூத்த பிள்ளைக்குக் காலத்துக்குள் 18 ஆகாது என்றால், தயவுசெய்து நீங்களே விண்ணப்பித்துவிடுங்கள்.

இரண்டாம் படி: சான்றிதழ்கள்

இறப்பை 21 நாளுக்குள் பதிவு செய்தால் கட்டணம் இல்லை. சான்றிதழ் வந்ததும் பெயரை ஆபீஸில் உள்ள பணிப்பதிவேட்டோடு ஒத்துப் பாருங்கள். பதிவேட்டில் ‘முத்துலெட்சுமி’, சான்றிதழில் ‘முத்துலட்சுமி’ என்றிருந்தால், அந்த ஒற்றைக் கொம்புக்காகக் கோப்பு மாதக்கணக்கில் அலையும்.

வாரிசுச் சான்றிதழுக்கு இ-சேவை மையத்தில் பதிய வேண்டும். வி.ஏ.ஓ.வும் (கிராம நிர்வாக அலுவலர்) ஆர்.ஐ.யும் (வருவாய் ஆய்வாளர்) விசாரித்த பிறகு தாசில்தார் தருவார். இறந்தவரின் தாயார் உயிரோடு இருந்தால் அவர் பெயரும் அதில் வர வேண்டும். வேலை கேட்காத மற்ற வாரிசுகள் ஆட்சேபணை இல்லை என்று எழுதிக் கையெழுத்துப் போட வேண்டும். மாமியாரும் மருமகளும் பேசிக்கொள்ளாத வீடுகளில் எல்லாம் இங்கேதான் நிற்கும். காரியம் முடிந்த கையோடு, பெரியவர்கள் கூடியிருக்கும்போதே பேசிவிடுங்கள்.

இவை போக வருமானம், சொத்து, குடும்பத்தில் வேறு யாரும் அரசு வேலையில் இல்லை என்பதற்கான சான்றுகள் வேண்டும். மனைவி கேட்கிறார் என்றால் மறுமணம் செய்யவில்லை என்ற சான்று. கல்வி, சாதிச் சான்றுகளும் உண்டு.

மூன்றாம் படி: எந்த வேலை?

‘சி’, ‘டி’ பிரிவு வேலைகள் மட்டும்தான். எட்டாவது முடித்தவர் அலுவலக உதவியாளராகலாம், பத்தாவது பாஸ் என்றால் இளநிலை உதவியாளர். இறந்தவர் ஆசிரியர், மகள் பி.எட். படித்தவர் என்றாலும் இந்த வழியில் ஆசிரியர் வேலை வராது. ஒன்றில் சேர்ந்த பிறகு, கருணை அடிப்படையிலேயே பெரிய வேலை வேண்டும் என்றும் கேட்க முடியாது.

நான்காம் படி: கொடுப்பது

இறந்தவர் கடைசியாக வேலை பார்த்த ஆபீஸில் கொடுங்கள். இரண்டு செட் எடுத்துப் போய், ஒன்றில் தபால் பிரிவின் தேதி முத்திரை வாங்காமல் வெளியே வராதீர்கள். பட்டியலில் உங்கள் இடத்துக்கு அந்தத் தேதிதான் ஆதாரம். நாளைக்கு ‘விண்ணப்பமே வரவில்லை’ என்றால் உங்கள் கையில் இருப்பது அந்த முத்திரை மட்டுமே. சான்றிதழ் ஒன்றிரண்டு பாக்கி இருந்தாலும், காலம் நெருங்கினால் விண்ணப்பத்தை முதலில் கொடுத்து, ‘பின்னர் சமர்ப்பிக்கிறேன்’ என்று எழுதிவிடுங்கள். சில நாள் கழித்துப் போய் ந.க.எண். (உங்கள் கோப்புக்கு ஆபீஸில் போடும் எண்) கேட்டுக் குறித்துக்கொள்ளுங்கள். அந்த எண் இல்லாமல் எந்தக் கடிதமும் உங்கள் கோப்பில் போய்ச் சேராது.

ஐந்தாம் படி: காத்திருப்பது

காலியிடம் இருந்தால்தான் ஆணை. அந்தத் துறையில் இல்லை என்றால் வேறு துறையில் இடம் தேடுவார்கள். சில குடும்பங்கள் வருஷக்கணக்கில் காத்திருப்பதைப் பார்த்திருக்கிறேன். ‘சீக்கிரம் முடித்துத் தருகிறேன்’ என்று பணம் கேட்பவரிடம் ஒரு ரூபாய்கூடக் கொடுக்காதீர்கள்.

இடையில் வீடு மாறினால் புது முகவரியை ந.க.எண். போட்டு எழுதிக் கொடுத்து, அதற்கும் முத்திரை வாங்கிக்கொள்ளுங்கள். ஆணை பழைய வாடகை வீட்டுக்குப் போய்த் திரும்பிய கோப்புகளும் என் கையில் வந்திருக்கின்றன.