ஆஸ்திரேலியத் துப்பாக்கி உரிமம்: தவிர்க்க வேண்டிய தவறுகள்

1996 ஏப்ரலில் ஆஸ்திரேலிய மாநிலமான டாஸ்மேனியாவின் போர்ட் ஆர்தரில் 35 பேர் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். அடுத்த மாதமே மாநிலங்கள் அனைத்தும் தேசியத் துப்பாக்கி உடன்பாட்டை ஏற்றன. துப்பாக்கி வைத்திருப்பது அங்கே பிறப்புரிமை அல்ல, காரணம் காட்டிப் பெறும் அனுமதி. விண்ணப்பத்தில் ‘தற்காப்புக்காக’ என்று எழுதினால் அது அங்கேயே நின்றுவிடும், அதைத் தகுந்த காரணமாகச் சட்டம் ஏற்பதில்லை. குறிபார்த்துச் சுடும் விளையாட்டு என்றால் கிளப் உறுப்பினர் சான்று வேண்டும். தனியார் நிலத்தில் வேட்டை என்றால் நில உரிமையாளரின் எழுத்து அனுமதி வேண்டும்.

லைசென்ஸ் வந்ததும் கடைக்குப் போய் வாங்கிவிடலாம் என்று நினைப்பவர்கள் நிறைய. ஒவ்வொரு துப்பாக்கிக்கும் தனியாக வாங்கும் பெர்மிட் தேவை. முதல் துப்பாக்கிக்குக் குறைந்தது 28 நாள் காத்திருக்க வேண்டும். வாங்கியது உங்கள் பெயரில் பதிவாகவும் வேண்டும். நண்பரிடமிருந்து வாங்கினாலும் இதே விதிதான். பணம் கொடுத்து நேராகக் கைமாற்றுவது குற்றம்.

அதிகம் பேர் மாட்டிக்கொள்வது பூட்டி வைப்பதில்தான். நியூ சவுத் வேல்ஸ் மாநிலத்தில் சாதாரண ரைஃபிள், ஷாட்கன் போன்ற ஏ, பி வகைத் துப்பாக்கிகளை எஃகு அல்லது கெட்டி மரப் பெட்டியில் பூட்ட வேண்டும். காலிப் பெட்டியின் எடை 150 கிலோவுக்குக் குறைந்தால், எளிதில் பெயர்த்துப் போக முடியாதபடி அதைப் பொருத்தியிருக்க வேண்டும். தோட்டாக்களுக்கு வேறொரு பூட்டிய பெட்டி. ஒன்றைத் திறந்த கைக்கு மற்றது கிடைக்கக்கூடாது என்பதுதான் இதன் நோக்கம். தோட்டாப் பெட்டியின் சாவியையும் துப்பாக்கிப் பெட்டியின் சாவியையும் ஒரே வளையத்தில் கோத்து அலமாரியில் மாட்டினால் இவ்வளவு ஏற்பாடும் வீண். லைசென்ஸ் இல்லாத மனைவிக்கோ மகனுக்கோ சாவி இருக்குமிடமோ ரகசிய எண்ணோ தெரிந்திருந்தால், அவர்களும் திறக்கலாம் என்றுதான் பொருள். சோதனைக்கு வரும் போலீஸ் முதலில் கேட்பதும் இதைத்தான் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

துப்பாக்கியே வாங்காதவர்களும் சிக்குகிறார்கள். குயின்ஸ்லாந்தில் லைசென்ஸ் இல்லாமல் வைத்திருக்கக்கூடிய ஜெல் பிளாஸ்டரை (ஜெல் உருண்டைகளைச் சுடும் பொம்மைத் துப்பாக்கி) நியூ சவுத் வேல்ஸுக்குள் கொண்டுபோனால், அங்கே அது துப்பாக்கிச் சட்டத்துக்குள் வந்துவிடும். கடையில் விற்கும் உண்டிவில்கூட நியூ சவுத் வேல்ஸில் தடைசெய்யப்பட்ட ஆயுதம். குழந்தை விளையாட வீட்டில் செய்ததற்கு மட்டும் விலக்கு உண்டு. வெளிநாட்டுத் தளங்களில் மலிவாகக் கிடைக்கும் பெப்பர் ஸ்பிரே, பொத்தான் கத்தி, பிளாஸ்டிக் குண்டு சுடும் ஏர்சாஃப்ட் துப்பாக்கி ஆகியவற்றைச் சுங்கத்துறை பறிமுதல் செய்யும். இறக்குமதி செய்ய வழியுள்ள பொருள்களுக்குப் போலீஸ் சான்றுப் படிவம், பொருள் வந்திறங்கும் முன்பே கையில் இருக்க வேண்டும். ஆர்டர் போட்டபின் விசாரிப்பதில் பயனில்லை.

வீடு மாறினால், பெட்டியைத் தூக்கும்போதே புது முகவரியைத் துப்பாக்கிப் பதிவகத்துக்குத் தெரிவியுங்கள். கெடு சில நாள்தான், அதுவும் மாநிலத்துக்கு மாநிலம் வேறு.

இறந்த தாத்தாவின் கொட்டகையில் பழைய துப்பாக்கி கிடைத்தால் பயந்து ஒளிக்க வேண்டாம், பரணிலும் விட்டுவைக்க வேண்டாம். 2021 ஜூலை 1 முதல் நாடு முழுவதும் நிரந்தரப் பொது மன்னிப்பு நடப்பில் இருக்கிறது. பதிவில்லாத துப்பாக்கியைப் பெயர் சொல்லாமலேயே ஒப்படைக்கலாம். ஆனால் அதைக் கையில் ஏந்திக் காவல் நிலையத்துக்குள் நுழையாதீர்கள். முதலில் தொலைபேசியில் கூப்பிட்டு, எப்படிக் கொண்டுவருவது என்று கேளுங்கள். தோட்டா உள்ளே இருக்குமோ என்ற சந்தேகம் துளி இருந்தாலும் தொடாமல், அவர்களையே வந்து எடுத்துப்போகச் சொல்லுங்கள்.