பாலைவனப் பூங்காவில் இரவு நடை, நட்சத்திரப் படம்: தவிர்க்க வேண்டிய தவறுகள்

வழிகாட்டியோடு பாலைவனப் பூங்காவில் இரவில் நடந்து போய் பால்வீதியைப் படம் எடுத்து வரலாம் என்று கிளம்புகிறவர்கள், கேமராவைப் பற்றி யோசிக்கிற அளவுக்கு இருட்டைப் பற்றி யோசிப்பதில்லை. எந்த லென்ஸ், எவ்வளவு ஐஎஸ்ஓ (சென்சாரின் ஒளி உணர்திறன் அளவு) என்பதையெல்லாம் ஒரு மாலைப்பொழுதில் கற்றுக்கொள்ளலாம். ஆனால் தேதி தப்பாகிவிட்டாலோ, கூட வந்தவர் ஒருவர் தப்பான நேரத்தில் போனைத் திறந்துவிட்டாலோ, கையில் எவ்வளவு நல்ல கேமரா இருந்தாலும் பயனில்லை. இந்த நடையில் எல்லோரும் பங்கு போட்டுக்கொள்கிற ஒரே பொருள் இருட்டுதான், அதைக் கெடுக்காமல் இருந்தாலே பாதி வேலை முடிந்தது.

முதலில் தேதி. விடுமுறை கிடைத்த நாளில் பதிவு செய்துவிட்டு, அன்றைக்கு நிலா எங்கே இருக்கும் என்று அப்புறம் பார்ப்பதுதான் எல்லோரும் செய்கிற தவறு. பௌர்ணமியன்று சூரியன் மறையும்போதே நிலா எழுந்துவிடும், விடியும்வரை போகாது, மங்கலான நட்சத்திரங்கள் எல்லாம் அந்த வெளிச்சத்தில் கரைந்துவிடும். அதற்கப்புறம் நிலா நாளுக்குச் சராசரியாக 50 நிமிடம் தாமதமாக உதிக்கும். தேய்பிறை அஷ்டமி வாக்கில் நள்ளிரவை ஒட்டித்தான் உதிக்கும் என்பதால் முன்னிரவு முழுக்க நமக்குக் கிடைக்கிறது. வளர்பிறை அஷ்டமி வாக்கில் இதற்கு நேர்மாறு, நள்ளிரவை ஒட்டி நிலா மறைந்தபிறகுதான் வானம் இருளும். ஆகவே மாலை நடை என்றால் தேய்பிறை அஷ்டமியிலிருந்து அமாவாசை கழிந்து மூன்று நான்கு நாள் வரைக்கும் உள்ள காலத்தைப் பாருங்கள். என்னைக் கேட்டால் சரியாக அமாவாசையைவிட மூன்றாம் பிறை, நான்காம் பிறை நாட்கள் நல்லவை. மெல்லிய பிறை பாறைகளின்மேல் கொஞ்சம் வெளிச்சம் போட்டுவிட்டுச் சீக்கிரமே மறைந்துவிடும்.

நிலாவைப் பார்த்தவர்களும் பருவத்தை மறந்துவிடுவார்கள். படங்களில் எல்லோரும் பார்த்து ஆசைப்படுகிற அந்தப் பிரகாசமான பகுதி, பால்வீதியின் நடு, விருச்சிகத்தின் வாலுக்கும் தனுசுக்கும் இடையில் இருக்கிறது. மார்கழியில் சூரியன் அதே திசையில் நிற்கிறது, அதனால் அப்போது அந்தப் பகுதி பகலில்தான் வானத்தில் இருக்கும். பூமியின் வடபாதியில் பிப்ரவரி, மார்ச்சில் விடிவதற்கு முன்பு தெரியத் தொடங்கும், ஜூன், ஜூலையில் நள்ளிரவை ஒட்டி உச்சத்துக்கு வரும், செப்டம்பரில் இருட்டியதுமே தென்மேற்கில் நிற்கும். டிசம்பரில் போய்விட்டுப் பால்வீதியே சரியாகத் தெரியவில்லை என்று வழிகாட்டியிடம் கோபப்படுவதில் நியாயமில்லை. அந்த மாதத்தில் ஓரியன் நட்சத்திரக் கூட்டம் இருக்கிறது, 13, 14 தேதிகளில் ஜெமினிட் எரிகல் பொழிவு இருக்கிறது, அதற்காகப் போகலாம்.

இன்னொன்று, சூரியன் மறைந்த உடனே வானம் இருண்டுவிடும் என்ற நினைப்பு. தொடுவானத்துக்குக் கீழே 18 பாகை சூரியன் இறங்கினால்தான் அதன் வெளிச்சம் முழுதாகப் போகும். இதற்குப் பல இடங்களில் ஒன்றேகால் மணியிலிருந்து ஒன்றரை மணி நேரம் ஆகும், துருவத்தை நோக்கிப் போகப்போக, அதுவும் கோடையில், இன்னும் அதிகம். எட்டு மணிக்குத் தொடங்கி ஒன்பதரைக்கு முடிகிற கோடைக்கால நடை என்றால் அதில் உண்மையில் எவ்வளவு நேரம் இருட்டு இருக்கும் என்று கணக்குப் பார்த்துவிட்டுப் பணம் கட்டுங்கள்.

இரவு வானத்தின் இருட்டைக் காக்கிற பூங்காக்களுக்குத் தருகிற இருண்ட வானச் சான்றிதழைப் பெற்ற பூங்கா என்றால் எந்தப் பக்கம் திரும்பினாலும் கும்மிருட்டு என்று நினைப்பதும் தவறு. அமெரிக்காவின் உட்டா மாநிலத்தில் உள்ள நேச்சுரல் பிரிட்ஜஸ்தான் 2007இல் உலகின் முதல் சர்வதேச இருண்ட வானப் பூங்கா ஆனது. கலிபோர்னியாவின் டெத் வேலி பூங்காவுக்கு 2013இல் அந்தத் தகுதி கிடைத்தது, ஆனாலும் அங்கிருந்து பார்த்தால் லாஸ் வேகாஸின் வெளிச்சம் கிழக்கு அடிவானத்தில் தெரியும். அதே மாநிலத்தின் ஜோஷுவா ட்ரீ பூங்காவில் தெற்கே கோச்செல்லா பள்ளத்தாக்கின் ஊர்கள் இருக்கின்றன, அந்த அகலாங்கில் பால்வீதியின் நடு தெற்கே தாழ்வாகத்தான் வரும், இரண்டும் ஒரே பக்கம். வெளிச்ச மாசு வரைபடத்தைத் திறந்து, நீங்கள் படம் எடுக்கப்போகிற திசையில் ஊர் ஏதும் இருக்கிறதா என்று பாருங்கள், நிற்கிற இடத்தின் நிறத்தை மட்டும் பார்த்தால் போதாது.

சரி, நாள் குறித்தாயிற்று. அடுத்த தவறு, இரவு நடையையும் படப்பயிற்சியையும் ஒன்றென்று நினைத்துச் சேர்ந்துவிடுவது. பூங்கா நடத்துகிற சாதாரண இரவு நடையில் வழிகாட்டி ஒரு இடத்தில் ஐந்து பத்து நிமிடம் நிற்பார், நட்சத்திரக் கூட்டங்களைக் காட்டுவார், அப்புறம் நகர்ந்துவிடுவார். முக்காலியை விரித்து, ஃபோகஸ் பிடித்து, சட்டகம் பார்த்து முடிப்பதற்குள்ளேயே அந்த நேரம் போய்விடும். உடனே படக்காரர் கொஞ்சம் பின்தங்குகிறார், இதோ வந்துவிடுகிறேன் என்கிறார், கூட்டம் அவருக்காக நிற்கிறது, அல்லது அவரை விட்டுவிட்டுப் போகிறது. இரண்டுமே மோசம். இரவில் அங்கே எல்லாப் பாறையும் ஒரே மாதிரி இருக்கும், தூரம் கண்ணுக்குப் பிடிபடாது, முன்னால் தெரிகிற விளக்கு நூறு மீட்டரிலா ஒரு கிலோமீட்டரிலா என்று சொல்லவே முடியாது. பதிவு செய்யும்போதே கேளுங்கள்: ஒரே இடத்தில் எவ்வளவு நேரம் நிற்போம், முக்காலிக்கு அனுமதி உண்டா, எத்தனை பேர் வருகிறார்கள், அதில் படம் எடுப்பவர்கள் எத்தனை பேர். பதில் திருப்தியாக இல்லை என்றால் நடைக்குக் கேமரா இல்லாமல் போய்விட்டு, படத்துக்கு இன்னொரு இரவு ஒதுக்குங்கள்.

இப்போது வெளிச்சம். இதைப் பற்றி எவ்வளவு சொன்னாலும் தகும். இருட்டில் பார்க்க உதவுகிற கண் செல்களில் ரொடாப்சின் என்ற நிறமி இருக்கிறது, வெளிச்சம் பட்டால் அது சிதைந்துவிடும், மறுபடி சேர்ந்து கண் நன்றாகப் பழக 20 முதல் 30 நிமிடம் ஆகும். ஒருவர் மணி பார்க்கப் போனைத் திறந்தால் அவர் கண்ணுக்கு மட்டும் அல்ல, பக்கத்தில் இருக்கிறவர்களுக்கும் அந்த அரை மணி நேரம் போய்விடுகிறது. இருபது பேர் கூட்டத்தில் ஐந்து நிமிடத்துக்கு ஒருவர் இப்படிச் செய்தால் அந்த இரவில் யாருமே வானத்தை முழுதாகப் பார்க்கப்போவதில்லை. போனை எடுக்கவே கூடாது என்று சொல்லவில்லை, கிளம்பும் முன்பே திரையைச் சிவப்பாக்கி, வெளிச்சத்தை அடிமட்டத்துக்குக் குறைத்து, அறிவிப்புகளை நிறுத்திவிட்டு வாருங்கள் என்கிறேன்.

சிவப்பு விளக்கு வைத்திருக்கிறேன், எனக்குக் கவலையில்லை என்று சிலர் இருப்பார்கள். சிவப்பு ஒளி அந்தச் செல்களை அதிகம் தொந்தரவு செய்யாது என்பது உண்மைதான், ஆனால் மங்கலாக இருந்தால்தான். பளிச்சென்ற சிவப்பும் கண்ணைக் கெடுக்கும், பக்கத்தில் 20 விநாடி ஷட்டரைத் திறந்து வைத்திருப்பவரின் படத்தில் பாறை முழுக்கச் சிவப்பாகிவிடும். ஹெட்லேம்ப் என்கிற நெற்றி விளக்கை மாட்டியிருக்கும்போது யாராவது பேசினால் அவர் முகத்தைப் பார்த்துத் திரும்புவது அனிச்சையாக நடக்கிறது. அதைக் கழற்றிக் கையில் இடுப்பு உயரத்தில் பிடித்து நடந்து பாருங்கள். நெற்றியிலிருந்து விழுகிற வெளிச்சத்தில் நிழல்கள் கண்ணுக்குத் தெரியாமல் தரை தட்டையாகத் தோன்றும். தாழ்வாகப் பிடித்தால் கல்லும் குழியும் நிழலோடு எடுத்துக் காட்டும், யார் கண்ணிலும் அடிக்காது.

கேமராவும் விளக்குதான் என்பதைப் பலர் மறந்துவிடுகிறார்கள். ஃபோகஸுக்கு உதவ முன்னால் எரிகிற சின்ன விளக்கு, படம் எடுத்ததும் பின்னால் தானாக வருகிற முன்னோட்டம், கார்டில் எழுதும்போது மினுக்குகிற புள்ளி, இதெல்லாவற்றையும் அறையிலேயே அணைத்துவிட வேண்டும், அணைக்க முடியாததன்மேல் கறுப்பு டேப் ஒட்டிவிட வேண்டும். வண்டி நிறுத்துமிடத்தில் ரிமோட்டை அழுத்தியதும் முகப்பு விளக்கு எரிகிற கார்களும் அப்படித்தான். பாறையின்மேல் டார்ச் அடித்து ஓவியம் போல எடுக்கலாம் என்ற ஆசை இருந்தால் முதலில் விதியைப் பாருங்கள், உட்டாவின் ஆர்ச்சஸ் போன்ற பூங்காக்களில் அப்படி விளக்கடிப்பதற்கே தடை. ட்ரோனும் அமெரிக்கத் தேசியப் பூங்காக்களில் 2014 முதல் கூடாது.

கேமராவை விட்டுவிட்டு வெறும் கண்ணால் பார்க்கும்போது ஒரு விஷயம். மங்கலான ஒன்றை நேராக முறைத்துப் பார்த்தால் மறைந்துவிடும், ஏனென்றால் கண்ணின் நடுமையத்தில் அந்த இருட்டுச் செல்கள் இல்லை. கொஞ்சம் ஓரமாகப் பாருங்கள், அது மெதுவாகத் துலங்கி வரும். ஆண்ட்ரோமெடா என்ற பக்கத்து கேலக்ஸியை இப்படிப் பார்த்துவிட்டால் அந்த இரவு வீண்போகவில்லை.

கீழே தரையைப் பற்றிய அலட்சியம் இன்னும் மோசம். நல்ல சட்டகம் கிடைக்கிறதே என்று பாதையை விட்டு நான்கு அடி விலகுவார்கள். பல பாலைவனங்களில் கறுத்து, மேடும் பள்ளமுமாகத் தெரிகிற மண்ணின் மேற்பரப்பு உயிருள்ள பொருக்கு. சயனோபாக்டீரியா, பாசி, லைக்கன் எல்லாம் சேர்ந்து மண்ணைக் காற்றில் பறக்காமல் பிடித்து வைத்திருக்கின்றன. ஒரு காலடியில் நொறுங்குகிற அது மறுபடி உருவாகப் பல ஆண்டுகள், சில இடங்களில் பல பத்தாண்டுகள் ஆகும். பகலிலாவது கண்ணுக்குத் தெரியும், இரவில் தெரியவே தெரியாது. பாறை, பாதை, வழிகாட்டி காட்டுகிற மணல், முக்காலியின் கால் அங்கே மட்டும்தான் ஊன்ற வேண்டும். பாம்பும் தேளும் வெயில் தணிந்ததும் வெளியே வருவதால் பார்க்காமல் கல்லிடுக்கில் கை வைப்பதும், பையைத் திறந்தபடி தரையில் போடுவதும் வேண்டாம். உலர்ந்த ஓடையில் உட்கார்ந்து படம் எடுக்கிறவர்களுக்கும் ஒன்று சொல்ல வேண்டும்: தலைக்குமேல் வானம் தெளிவாக இருந்தாலும் வெகு தொலைவில் பெய்த மழை அந்த ஓடையில் திடீர் வெள்ளமாக வரலாம். ஓடை வருகிற மேல்பகுதியின் வானிலை அறிக்கையையும் பார்த்துவிட்டுத்தான் இறங்க வேண்டும்.

பகலில் கொதித்த இடம் இரவில் எப்படிக் குளிரும் என்று டீ ஷர்ட்டோடு வருகிறவர்கள் எல்லாக் கூட்டத்திலும் உண்டு. காற்றில் ஈரமும் மேகமும் இல்லாததால் தரையின் சூடு தடையில்லாமல் மேலே போய்விடுகிறது, வெப்பநிலை சரசரவென்று இறங்கும். நடக்கும்போது தெரியாது, முக்காலிக்குப் பக்கத்தில் அசையாமல் நிற்கும்போதுதான் தெரியும். பேட்டரியும் குளிரில் சீக்கிரம் தீர்ந்துவிடும் என்பதால் மாற்று பேட்டரியைச் சட்டையின் உள்பையில் உடம்போடு வையுங்கள். குளிர்கிறதே என்று தண்ணீரைக் குறைத்துக்கொள்ள வேண்டாம், வறண்ட காற்று இரவிலும் உடம்பின் நீரை எடுக்கும்.

கேமராவில் நடக்கிற தவறுகளில் பெரியது ஃபோகஸ். லென்ஸில் இருக்கிற முடிவிலிக் குறியில் கொண்டுபோய் நிறுத்திவிட்டால் போதும் என்று நம்புகிறார்கள், பெரும்பாலான லென்ஸ்களில் அந்தக் குறி துல்லியமாக இருப்பதில்லை. ஒரு பிரகாசமான நட்சத்திரத்தைத் திரையில் பெரிதாக்கி, அது மிகச் சின்னப் புள்ளியாகும்வரை கையால் வளையத்தைத் திருப்புங்கள், பிறகு டேப் ஒட்டிவிடுங்கள். குளிர் ஏற ஏற ஃபோகஸ் நகரக்கூடும், அவ்வப்போது சரிபார்க்க வேண்டும். அடுத்தது ஷட்டர் நேரம். நட்சத்திரம் கோடாகாமல் அதிகபட்சம் எத்தனை விநாடி திறக்கலாம் என்பதற்கு 500ஐ லென்ஸின் குவியத்தூரத்தால் (மி.மீ. எண்) வகுக்கச் சொல்வார்கள், முழுச்சட்டக (பெரிய சென்சார்) கேமராவில் 20 மி.மீ. லென்ஸுக்கு 25 விநாடி வரும், சின்ன சென்சார் என்றால் 1.5ஆல் இன்னொரு தடவை வகுக்க வேண்டும். இன்றைய அதிகப் பிக்சல் கேமராக்களில் இந்தக் கணக்கு தாராளமானது, நட்சத்திரம் கோடாக இழுபடும். 500க்குப் பதில் 300ஐ வைத்து, அதே லென்ஸுக்கு 15 விநாடியில் தொடங்குங்கள். அபெர்ச்சர் (லென்ஸின் திறப்பு) எஃப் 2.8 அல்லது அதைவிட அகலம், ஐஎஸ்ஓ 3200 வாக்கில், ரா கோப்பு (சுருக்காத மூலப்படம்), முக்காலியில் நடுங்கல் தடுப்பை அணைப்பது, இரண்டு விநாடி டைமர், இவற்றில் பெரிய ரகசியம் எதுவும் இல்லை. ஆனால் பின்திரையில் படம் பிரகாசமாகத் தெரிகிறதே என்று ஏமாறாதீர்கள். இருட்டுக்குப் பழகிய கண்ணுக்கு மங்கலான படமும் பளிச்சென்றுதான் தெரியும், வெளிச்ச அளவைக் காட்டுகிற ஹிஸ்டோகிராம் வரைபடம் இடது சுவரில் ஒட்டிக் கிடந்தால் படம் இருட்டுதான். மணல் பறக்கிற இடத்தில் லென்ஸை மாற்றவும் வேண்டாம், ஒன்றை மாட்டிக்கொண்டு போய் அதோடு திரும்புங்கள்.

திரும்புகிற வழியில்தான் கால் பிசகுகிறது. படம் கிடைத்துவிட்டது, கவனம் போய்விட்டது, ஹெட்லேம்ப்பின் பேட்டரியும் மங்கிவிட்டது. அதனால் மாற்று பேட்டரி என்றால் கேமராவுக்கு மட்டும் இல்லை, விளக்குக்கும். கிளம்பும் முன் சிவப்பு வெளிச்சத்தில் லென்ஸ் மூடி, முக்காலித் தகடு எல்லாம் இருக்கிறதா என்று பாருங்கள், தனியாகப் பிரிந்து போகிறீர்கள் என்றால் வழிகாட்டியிடம் சொல்லாமல் போகாதீர்கள். வண்டியில் ஹீட்டரைப் போடுவதற்கு முன் கார்டை எடுத்துக்கொண்டு, குளிர்ந்த கேமராவைக் காற்றுப் புகாத பிளாஸ்டிக் பையில் போட்டு மூடிவிடுங்கள், அப்போதுதான் ஈரம் பையின் வெளிப்பக்கத்தில் படியும், லென்ஸில் படியாது. காலையில் அறையின் சூட்டுக்கு வந்தபிறகு பையைத் திறந்தால் போதும்.