போர்ட்டை மாற்றினால் மட்டும் போதாது

சர்வரை நிர்வகிக்கும் அட்மின் பேனலை 8080-லிருந்து 48213 மாதிரி ஏதோ ஒரு போர்ட்டுக்கு (சர்வரின் எண்ணிட்ட வாசல்) மாற்றிவிட்டு நிம்மதியாக இருப்பவர்கள் நிறைய. மொத்தமே 65,535 டிசிபி போர்ட்டுகள்தான். திறந்த போர்ட்டுகளைத் தேடும் ஸ்கேனர் அத்தனையையும் சீக்கிரமே தட்டிப் பார்த்துவிடும். லாகில் (சர்வரின் பதிவேட்டில்) தேவையற்ற முயற்சிகளின் குப்பை குறையும், அவ்வளவுதான்.

பேனலை 127.0.0.1-இல், அதாவது அந்த சர்வருக்குள்ளிருந்து மட்டுமே எட்டும் முகவரியில், மட்டும் இயங்கும்படி அமையுங்கள். அப்புறம் எஸ்எஸ்எச் டனல் (சர்வருக்குப் போகும் பாதுகாப்பான குழாய்) வழியாகவோ விபிஎன் வழியாகவோ உள்ளே போகலாம். வெளியே திறந்தே ஆக வேண்டுமென்றால், ஃபயர்வாலில் உங்கள் ஐபிக்கு மட்டும் அனுமதி கொடுங்கள், கூடவே எச்டிடிபிஎஸ்.

செயலிகளைத் தனித்தனி கன்டெய்னர்களில் இயக்கும் டாக்கர் பயன்படுத்துகிறீர்களா? அங்கேதான் பலர் கோட்டை விடுகிறார்கள். கன்டெய்னரின் போர்ட்டை வெறுமனே பப்ளிஷ் செய்தால் (வெளியே திறந்தால்) அது 0.0.0.0-இல், அதாவது சர்வரின் எல்லா முகவரிகளிலும் திறக்கும், லினக்ஸில் யுஎஃப்டபிள்யூ என்ற ஃபயர்வாலின் விதிகளையும் தாண்டிவிடும். போர்ட் எண்ணுக்கு முன்னால் 127.0.0.1 சேர்த்து எழுதுங்கள். பிறகு வேறொரு நெட்வொர்க்கிலிருந்து ஸ்கேன் செய்து பாருங்கள்.