லினக்ஸில் லாகினைக் கட்டுப்படுத்தும் பாம் (PAM): கை வைக்கும் முன் இதைப் படியுங்கள்

முதல் வேலை, ரூட்டாக (எல்லா அதிகாரமும் உள்ள பயனராக) ஒரு டெர்மினலைத் திறந்து அப்படியே விட்டுவிடுங்கள், எல்லாம் முடிந்து சோதித்துப் பார்க்கும் வரை மூடவே கூடாது. நான் ஒருமுறை இதைச் செய்யாமல் பாம் கோப்பில் ஒரு வரியைத் தப்பாக அடித்துவிட்டு, என் சர்வருக்குள் நானே நுழைய முடியாமல் ராத்திரி முழுக்க உட்கார்ந்திருந்தேன்.

சன் மைக்ரோசிஸ்டம்ஸ் 1995-இல் முன்வைத்த யோசனைதான் பாம். லாகின், சூடோ (ரூட் அதிகாரத்தோடு கட்டளையை ஓட்டுவது), எஸ்எஸ்ஹெச் (வேறு கணினியிலிருந்து நுழைவது) எல்லாம் பாஸ்வேர்டைத் தனித்தனியாகச் சரிபார்க்காமல் அந்த வேலையைச் சில லைப்ரரிகளிடம் விட்டுவிடும். எந்த லைப்ரரி, எந்த வரிசையில் என்பது இடிசிக்குள் இருக்கும் பாம்.டி (/etc/pam.d) ஃபோல்டரில் எழுதியிருக்கும்.

வரிசைதான் உயிர். அந்தக் கோப்பில் 'ரெக்வயர்ட்' (required) என்று குறித்த வரி தோற்றாலும் மீதி வரிகள் ஓடும், அதனால் எங்கே தோற்றோம் என்று உள்ளே நுழையப் பார்ப்பவனுக்குத் தெரியாது. 'ரெக்விசிட்' (requisite) என்றால் அங்கேயே நின்றுவிடும்.

சரி, தப்பான பாஸ்வேர்டைத் திரும்பத் திரும்பப் போடுபவரைத் தடுக்க வேண்டுமா? ஃபெடோரா லினக்ஸில் பாம் கோப்பைக் கையால் திருத்தாதீர்கள், அதை நமக்காக எழுதித் தரும் ஆத்செலக்ட் (authselect) கட்டளையில் 'வித்-ஃபெயில்லாக்' (with-faillock) வசதியை இயக்கினால் போதும். அப்புறம் ஃபெயில்லாக்.கான்ஃப் கோப்பைத் திறங்கள்: நாம் எதையும் மாற்றாவிட்டால் 3 தடவை தவறினால் பூட்டும், 600 விநாடி கழித்துத் திறக்கும். வீட்டுக் கணினிக்கு 3 ரொம்பக் குறைவு, நான் 5 வைப்பேன். அவசரமாகத் திறக்க, ஃபெயில்லாக் கட்டளையில் அந்தப் பயனரின் பெயரோடு 'ரீசெட்' கொடுங்கள்.

இன்னொரு டெர்மினலில் வேண்டுமென்றே தப்பாக அடித்துச் சோதித்த பிறகு ரூட் டெர்மினலை மூடலாம்.