இரவில் வரும் கால் குடைச்சல்: எப்போது கவனிக்க வேண்டும்?

சோமனூர், பல்லடம் பக்கத்தில் விசைத்தறியில் நாள் முழுவதும் நின்றுவிட்டு வருகிறவர் இரவில் கால் குடைகிறது என்றால், நின்ற அலுப்பு என்றே வீட்டார் எடுத்துக்கொள்கிறார்கள். பெரும்பாலும் அது சரிதான். ஆனால் அலுப்பு படுத்தால் தணியும். ரெஸ்ட்லெஸ் லெக்ஸ் சிண்ட்ரோம் எனப்படும் நோயோ படுத்த பிறகுதான் தலைகாட்டும்.

இந்நோயில் முதன்மையானது வலி அன்று, காலை அசைத்தே தீர வேண்டும் என்ற தவிப்பு. கெண்டைக்காலுக்குள் ஆழத்தில் ஏதோ ஊர்வது போலவும் இழுப்பது போலவும் இருக்கும். இந்த இடம்தான் என்று விரலால் தொட்டுக் காட்ட வராது. குதிகாலைப் பாயில் தேய்ப்பார்கள், ஒரு காலால் மறுகாலை உரசுவார்கள், பொறுக்காமல் எழுந்து வாசலில் நடப்பார்கள். நடக்கும் வரை நிம்மதி. திரும்பப் படுத்தால் மீண்டும் தொடங்கும். கோவையிலிருந்து சென்னை செல்லும் இரவுப் பேருந்து இருக்கை இவர்களுக்குப் பெரும் வேதனை. மாலையிலும் இரவிலும் தொல்லை கூடி, காலையில் ஏறக்குறைய அடங்கிவிடும். அசைக்கும் தவிப்பு, ஓய்வில் வருவது, அசைத்தால் குறைவது, இரவில் மிகுவது ஆகிய நான்கும் பொருந்தினால்தான் இதைச் சந்தேகிக்க வேண்டும்.

தசை முடிச்சாக இறுகி, தொட்டால் கல்லாக இருந்தால் அது தசைப்பிடிப்பு. சர்க்கரை நோயாளிக்குப் பாதம் எரிந்து மரத்துப்போய், நடந்தாலும் மாறாதிருந்தால் நரம்புப் பாதிப்பாக இருக்கலாம். நிற்க நிற்க வலி கூடி, காலை உயர்த்தி வைத்தால் குறைவது, ரத்தக்குழாய் புடைத்துச் சுருளும் நரம்புச் சுருட்டலின் (வெரிகோஸ் வெயின்) இயல்பு. தறிக்காரர்கள் இதைத் தனியே சோதித்துக்கொள்வது நல்லது.

உடலில் இரும்புச் சத்தின் இருப்புக் குறைவது இந்நோய்க்கு முக்கியமான காரணம். ஹீமோகுளோபின் சரியாக இருந்தாலும் இருப்புக் குறைந்திருக்கக்கூடும் என்பதால், அந்த இருப்பைக் காட்டும் ஃபெரிட்டின் என்ற ரத்தப் பரிசோதனை தேவையா என்று மருத்துவரிடம் அவசியம் கேளுங்கள். ஃபெரிட்டின் அளவு ஒரு மில்லிலிட்டருக்கு 75 நானோகிராமுக்குக் கீழே இருந்தால் இரும்புச் சத்து தருவது பற்றி அவர் முடிவு செய்வார். நீங்களாக மாத்திரை வாங்கி விழுங்க வேண்டாம். கர்ப்பத்தின் கடைசி மூன்று மாதங்களிலும் சிறுநீரகச் செயலிழப்பிலும் இது அதிகம் காணப்படுகிறது.

மருத்துவரிடம் "கால் வலிங்க" என்று மட்டும் சொன்னால், வலி மாத்திரையோடு திரும்ப நேரிடலாம். "உட்கார்ந்தா வருதுங்க, நடந்தா நிக்குதுங்க, ராத்திரிலதான் அதிகம்" என்று சொல்லுங்கள். சளி, ஒவ்வாமைக்கான தூக்கம் வரவழைக்கும் மாத்திரைகளும், மனச்சோர்வு மருந்துகள் சிலவும், வாந்தியை நிறுத்தும் மெட்டோகுளோபிரமைடும் இதைத் தூண்டக்கூடும் என்பதால், சாப்பிடும் மாத்திரை அட்டைகள் அனைத்தையும் கையோடு கொண்டு சென்று காட்டுங்கள்; அவர் சொல்லும் வரை எதையும் நிறுத்த வேண்டாம்.