செயலியைப் பார்த்து ஊரைக் கோட்டைவிடுவது: தொழில்நுட்பச் செய்தியாளர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

வேற்று நாட்டுச் சமூகத்தைத் தொழில்நுட்பம் எப்படி மாற்றியது என்று எழுதப் போகிறவர்கள் பெரும்பாலும் தலைப்பிலேயே சறுக்கிவிடுகிறார்கள். செயலிதான் எல்லாம் செய்தது, மனிதர்கள் வேடிக்கை பார்த்தார்கள் என்பதுபோல் ஆகிவிடுகிறது.

2011 எகிப்துக் கிளர்ச்சிக்கு 'ஃபேஸ்புக் புரட்சி' என்று பெயர் வைத்தார்கள். ஆள் திரட்ட ஃபேஸ்புக் உதவியது உண்மைதான். ஆனால் ஜனவரி 27 நள்ளிரவு வாக்கில் அதிபர் முபாரக்கின் அரசு இணையத்தை ஏறக்குறைய முழுசாகத் துண்டித்தது. மறுநாள் வெள்ளிக்கிழமைத் தொழுகை முடிந்ததும் தெருவில் பெருங்கூட்டம். எகிப்தின் மஹல்லா நகரத் துணி ஆலைத் தொழிலாளர்கள் 2006-இலேயே பெரிய வேலைநிறுத்தம் நடத்தியிருந்தார்கள். அந்த ஆலை வாசலுக்கு எத்தனை தொழில்நுட்பச் செய்தியாளர்கள் போனார்கள்?

மியான்மரில் இதே தவறு தலைகீழாக நடந்தது: புகழுக்குப் பதில் பழி முழுதும் செயலிமேல் விழுந்தது. 2014-இல் டெலினார், ஊரிடூ என்ற வெளிநாட்டுச் செல்போன் நிறுவனங்கள் கடை திறந்ததும், ஒரு காலத்தில் நூற்றுக்கணக்கான டாலருக்கு விற்ற சிம் கார்டு ஒன்றரை டாலருக்கு வந்தது. பலருக்கு ஃபேஸ்புக்தான் இணையமே. முஸ்லிம் சிறுபான்மையினரான ரோஹிங்கியாக்களுக்கு எதிரான வெறுப்புப் பதிவுகளைப் படித்துத் தடுக்க, பர்மிய மொழி தெரிந்த ஆட்கள் அந்த நிறுவனத்திடம் மிகக் குறைவு. அப்புறம், அங்கே பரவலாக இருந்த ஸாஜி எழுத்துரு, உலகப் பொது எழுத்துக் குறியீடான யூனிகோடு முறைக்கு ஒத்துவராததால் மென்பொருளும் தடுமாறியது. (திஸ்கி, பாமினி என்ற பழைய தமிழ் எழுத்து முறைகளின் காலத்தைத் தாண்டி வந்த நமக்கு இந்தத் தலைவலி புதிதல்ல.) 2017-இல் ராணுவம் தாக்கியபோது 7 லட்சத்துக்கும் மேற்பட்டோர் வங்கதேசத்துக்கு ஓடினார்கள். போதிய அளவு தடுக்கவில்லை என்று ஃபேஸ்புக்கே 2018-இல் ஒப்புக்கொண்டது.

இதையெல்லாம் எழுதத்தான் வேண்டும். ஆனால் இதை மட்டும் எழுதினால் ராணுவம் நழுவிவிடும். 1978-இலேயே சுமார் 2 லட்சம் ரோஹிங்கியாக்கள் எல்லை தாண்டி ஓட நேர்ந்தது. 1982 குடியுரிமைச் சட்டம் அவர்களில் பெரும்பாலோரை நாடற்றவர்களாக்கியது. அப்போது ஃபேஸ்புக் ஏது? பிரபலங்களின் ரசிகர் பக்கம் என்ற போர்வையில் வெறுப்பைப் பரப்பியதும் ராணுவ ஆட்கள்தான்.

இன்னொரு தவறு, நல்ல சேதியோடு ஊர் திரும்பிவிடுவது. கென்யாவில் 2007-இல் வந்த எம்-பெசா என்ற சேவை, வங்கிக் கணக்கு இல்லாதவர்களும் செல்போனிலேயே பணம் அனுப்ப வழிசெய்தது. சுமார் 2 சதவீதக் குடும்பங்கள் அதனால் கடும் வறுமையிலிருந்து மீண்டன என்று 2016-இல் ஓர் ஆய்வு மதிப்பிட்டது. சரி, அதற்குப் பிறகு? அதே செல்போனில் நிமிடத்தில் கடன், அதே செல்போனில் பந்தயச் சூதாட்டம். சின்னத் தொகையைக் கட்டத் தவறி, கடன் தகவல் மையத்தின் கறுப்புப் பட்டியலில் ஏறியவர்கள் ஏராளம். எம்-பெசா விளம்பரப் பலகையைப் படமெடுத்தவர்கள் இவர்களைத் தேடிப் போனது மிகக் குறைவு.

தகவல் தந்தவரைக் காட்டிக்கொடுத்துவிடுவது எல்லாவற்றிலும் மோசம். கென்யத் தலைநகர் நைரோபியில் மணிக்கு 2 டாலருக்கும் குறைவான கூலிக்கு, செயற்கை நுண்ணறிவைப் பழக்குவதற்காகக் கொடூரமான பதிவுகளைப் படித்து வகைப்படுத்தியவர்கள் உண்டு. வேலை விவரத்தை வெளியே சொல்ல மாட்டேன் என்ற ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட்டுவிட்டுத்தான் பெரும்பாலும் இதுமாதிரி வேலையில் சேர முடியும். பெயரை மாற்றிவிட்டோம் என்று நிம்மதியாக இருந்துவிடக் கூடாது. எந்தக் குழு, எந்த ஷிப்ட், எந்த மாதம் சேர்ந்தார் என்று எழுதினாலே மேலாளருக்கு ஆள் யாரென்று தெரிந்துவிடும்.